புல்வெட்டி வண்டிக்கு டயர் மாற்றியதும் அதற்குப் பிறகும்

யய்யா மகனே,

எல்லோரும் சுகம் என்று முதல் வரியில் எழுதுவதுதான் வழக்கம். இந்தத் தடவை அதை உன் அம்மையைப் பற்றி மட்டும் எழுதுகிறேன்; அவள் சுகமாக இருக்கிறாள். எனக்குக் காலில் ஒரு வெட்டு. வெட்டு பெரிதில்லை. ஆனால் இன்று காலையிலிருந்து வாய் சரியாகத் திறக்க மாட்டேன் என்கிறது. வெற்றிலையை மடித்து உள்ளே தள்ளினால் பல் மறிக்கிறது. மில்லில் மருந்து கொடுக்கிற கம்பவுண்டர் வந்து பார்த்தார். தாடையை அமுக்கினார், முதுகைத் தட்டினார், தலையணையில்லாமல் படுக்கச் சொன்னார். பிறகு என்னை விட்டுவிட்டு உன் அம்மையிடம் பேசினார். அப்போதே எனக்குப் புரிந்துவிட்டது. ரண ஜன்னி என்கிறார். உடனே திருநெல்வேலிப் பெரிய ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோக வேண்டுமாம். மேனேஜர் ஐயாவின் காரை எடுத்துவர சேவியர் போயிருக்கிறான். அவன் வருவதற்குள் இதை எழுதி முடிக்க வேண்டும்.

இதை நீ மட்டும் படித்துவிட்டு மடித்துப் பெட்டியில் போடாதே. வைகாசியில் உன் கல்யாணம். அதற்கு முன்னால் எனக்கு ஒன்று ஆகிவிட்டால் நம் ஆட்கள் கூடுவார்கள். அப்போது நடுவீட்டில் நின்று இதைச் சத்தமாக வாசி. பெண் வீட்டுக் கயத்தாற்றுக்காரர்களும் இருக்கும்போது வாசி. உன் அப்பன் செத்தால் எதனால் செத்தான் என்பது என் கையெழுத்திலேயே இருக்கட்டும் என்றுதான் எழுதுகிறேன். என் காலைத் தின்றது ஒரு புல்வெட்டி வண்டி. உனக்குப் பேசி முடித்த கோமதி என்கிற பிள்ளைக்கும் அதற்கும் ஒரு சம்பந்தமும் கிடையாது.

ஏன் இப்படி முந்திக்கொண்டு சொல்கிறேன் என்றால், பேச்சு ஆரம்பித்துவிட்டது. வெளியில் அல்ல, நம் அடுப்படியிலேயே. நேற்று உன் அம்மை கஞ்சி கொண்டுவந்து வைத்துவிட்டுச் சுவரைப் பார்த்துச் சொன்னாள்: "அந்தப் பிள்ளைக்குப் பூ வச்சுட்டு வந்த மறுநாளே உங்க காலு போச்சு. நான் ஒண்ணும் சொல்லல. சும்மா நினைச்சுப் பாத்தேன்."

"நினைச்சுப் பாக்கதுக்கு வாடகை கிடையாதுன்னு என்னத்தையும் நினைப்பியாட்டி?" என்று கேட்டேன்.

"பூ வச்சுட்டு வரும்போது பூனை குறுக்க போச்சுல்லா?"

"கயத்தாறுல லாரி நிக்கிற கடை ஓரம் கெடக்கிற பூனை, அங்கிட்டும் இங்கிட்டும் போகாம என்ன செய்யும்? அது பொழப்பே அதான்."

அவள் சிரித்தாள். சிரித்துவிட்டு முந்தானையால் கண்ணைத் துடைத்தாள். அந்தத் துடைப்புதான் எனக்குப் பயம். உன் அம்மை கெட்டவள் இல்லை. ஆனால் பயந்த மனுஷிக்குக் காரணம் வேண்டும். டயர், ஜாக்கி, மண் என்று எதைச் சொன்னாலும் பிடிபடாது. ஒரு பெண்ணைச் சொன்னால் உடனே பிடிபட்டுவிடும்.

உன் பெரியம்மையை நினைத்துப் பார். நாகலாபுரத்திலிருந்து அவளைப் பேசி முடித்த வாரத்தில் நம் வீட்டு மயிலைக் காளை செத்தது. மழை பொய்த்து வாடிய சோளக் குருத்தை அது தின்றது. வாடிய குருத்து மாட்டுக்கு விஷம் என்று இந்தக் கரிசலில் பால்குடி மறந்த பிள்ளைக்கும் தெரியும். நுரை தள்ளியதை ஊரே பார்த்தது. ஆனாலும் 'மாட்டை முழுங்கினவ' என்று பேர் வந்துவிட்டது. அடுத்த தீபாவளிக்குள் ஒரு காளை ரெண்டு காளையாயிற்று. அதற்கடுத்த வருஷம் கிணறு வற்றியதும் சேர்ந்துகொண்டது. கதை எப்படி வளரும் என்று எனக்கா தெரியாது? அந்தத் தொழிலே என்னுடையதுதானே. அவள் சொந்த மகள் சமைந்தபோது ஆரத்தித் தட்டை வேறு யாரோ எடுத்தார்கள். அவள் பின்கட்டில் நின்று பருப்புக் கிண்டிக்கொண்டிருந்தாள். இத்தனை வயதுக்கும் நம் வீட்டு விசேஷத்தில் அவள் முன்வரிசைக்கு வந்து நீ பார்த்திருக்கிறாயா? மாட்டுக்கே இந்தக் கதி. நான் மனுஷன், அதிலும் மாப்பிள்ளையின் அப்பன். என்னை முழுங்கியவள் என்று பேர் வந்தால் அந்தப் பிள்ளை எந்தப் பின்கட்டில் போய் நிற்பாள்?

ஆகையால் நடந்ததைக் கேள். ஊருக்கெல்லாம் நான் மாமா. உனக்கு மட்டும்தான் அப்பா. 'மாமா சொன்னா மூணுல ஒண்ணுதான் நிசம்' என்று பஸ் ஸ்டாண்டில் பேசிக்கொள்வது எனக்கும் தெரியும். அது பொறாமை. நீயாவது முழுசாக நம்பு. சந்தேகம் வந்தால் சேவியரைக் கேள், அவன் பக்கத்தில் நின்றான்.

மில் மேனேஜர் பங்களாவில் ஒரு புல்வெளி இருக்கிறதல்லவா? கோவில்பட்டியில் குடிக்கிற தண்ணீருக்குக் குடத்தை வரிசையில் வைத்துவிட்டு ஊர் உட்கார்ந்திருக்க, அங்கே மட்டும் தினமும் குழாய் பிடித்துப் பாய்ச்சுவார்கள். மதிற்சுவருக்கு இந்தப் பக்கம் கரிசல் பாளம் பாளமாக வெடித்துக் கிடக்கும், உள்ளே கை விட்டால் முழங்கை வரை போகும். அந்தப் பக்கம் கிளிப்பச்சை. அந்தப் புல்லை வெட்ட ஒரு வண்டி. கையால் தள்ளுகிற சாமான் இல்லையப்பா, மேலே ஏறி உட்கார்ந்து ஓட்டுகிற வண்டி. மலைத்தோட்டத்துத் துரை ஒருவர் சீமைக்குப் போகும்போது ஏலத்தில் விட்டதை மேனேஜர் ஐயா எடுத்துவந்தார். உலகத்திலேயே இப்படி மூன்றுதான் உண்டு, ஒன்று லண்டன் ராணியிடம் இருக்கிறது. சின்ன டிராக்டர் மாதிரி நாலு சக்கரம், நடு வயிற்றில் தகர மூடி, மூடிக்குள்ளே வாள் மாதிரி ஒரு கத்தி. அது சுற்ற ஆரம்பித்தால் புல் மழையாய்க் கொட்டும். அந்த வண்டியின் இண்டு இடுக்கெல்லாம் தெரிந்த ஒரே ஆள், சாத்தூரிலிருந்து கன்னியாகுமரி வரை, நான்தான். மேனேஜர் ஐயா மற்றவர்களை 'நீ' என்பார். என்னை 'வாங்க' என்பார்.

அதன் பின் டயரில் உடைமுள் ஏறிவிட்டது. முள்ளா அது? முருகன் கை வேல். ஏற்கெனவே ஏழெட்டு ஒட்டுப் போட்ட டியூப், டயரும் பாளம் விட்டுப்போயிற்று. மெட்ராசிலிருந்து ரயில் பார்சலில் புது டயர் வந்து சேர்ந்தது, நாம் கயத்தாற்றில் பூ வைத்துவிட்டு வந்த மறுநாள். மறுநாள் வந்தது டயர் என்பதை நன்றாக மனதில் வை. அதற்கும் மூன்று வாரத்துக்கு முன்னால் மெட்ராசுக்கு எழுதிப்போட்ட டயர் அது. அப்போது கோமதி என்று ஒரு பிள்ளை இருப்பதே நமக்குத் தெரியாது. பார்சல் ஆபீசுக்காரன் ஒருநாள் முந்தி இறக்கியிருந்தால் பூ வைப்பதற்கு முந்தியே என் கால் போயிருக்கும். அப்போது யாரைச் சொல்வார்கள்?

நானும் சேவியரும் போனோம். டயர் மாற்றுவது எப்படி என்று உனக்கு நான் சொல்லவேண்டியதில்லை, நீ ரயில் பட்டறையில் இருப்பவன். ஆனாலும் என் முறையைச் சொல்கிறேன். எதிர்ச் சக்கரத்துக்கு முன்னும் பின்னும் செங்கல் வைத்தேன். சக்கரம் தரையில் ஊன்றி இருக்கும்போதே நட்டுகளை இளக்கினேன். தூக்கியபிறகு இளக்குகிறவன் மடையன். சக்கரம் சுற்றுமே தவிர நட்டு கழலாது. பிறகு ஜாக்கி. வண்டிப் பின்பக்கத்து இரும்புக்குக் கீழே, புல்லின்மேல் ஜாக்கியை நிறுத்தினேன்.

சேவியர் நின்று பார்த்தான். மேனேஜர் ஐயாவின் கார் டிரைவர் அல்லவா, அவனுக்கும் கொஞ்சம் தெரியும். "மாமா, அடியில ஒரு பலகை போடுவோமா?" என்றான்.

"ஏலே சேவியரு, எனக்கா மண்ணு சொல்லித் தாரே? பங்குனி வெயிலுல கரிசல் பாறை. ரோடு ரோலரை நிறுத்தலாம்."

"அது வெளிய மாமா. இங்கன தினம் தண்ணி விடுதாவ."

"மேலதான் ஈரம். நீ சோப்புத் தண்ணி கரைச்சுக் கொண்டா."

"சரி, நீரு சொன்னா வேதவாக்கு. நாளைக்கு வண்டி கிணத்துக்குள்ள கெடந்தாலும் நான் கேக்கமாட்டேன்."

மகனே, இங்கேதான் பிசகு. வேறு ஊர்க்காரன் என்றால் புல்லைப் பார்த்ததும் பலகை போட்டிருப்பான். கரிசலில் பிறந்தவனுக்குத்தான் இந்தப் பிசகு வரும். கோடையில் நம் மண் கல் என்று காலுக்கே பழகிவிட்டது. உழவு மாட்டைத் திருப்பும்போதும், பருத்தி மூட்டை இறக்கும்போதும், கோடையில் மண் நம்மை ஏமாற்றியதே இல்லை. ஆனால் அந்த மதிலுக்குள் கோடையே கிடையாது. மேலே புல் வேர் பாய் மாதிரிப் பின்னிக்கொண்டு கெட்டியாக இருந்தது. கீழே ஆட்டி வைத்த உளுந்து மாவு.

ஜாக்கி முதலில் அசையாமல் நின்றது. எனக்குப் பெருமை. சக்கரத்தைக் கழற்றினேன், வால்வைப் பிடுங்கினேன், லீவர் போட்டுப் பழைய டயரின் உதட்டைத் தூக்கி உரித்தேன். சேவியர் கண்ணை மூடித் திறப்பதற்குள் என்றால் நீ நம்பமாட்டாய். இரண்டு தடவை மூடித் திறப்பதற்குள். முள் ஏதும் ரிம்மில் தங்கியிருக்கிறதா என்று துணியைச் சுற்றித் தடவினேன். வெறும் விரலால் தடவக்கூடாது, துணிதான் முள்ளில் மாட்டும். புது டியூபுக்குப் பவுடர் தடவி, சோப்புத் தண்ணீர் விட்டு, டயரை உட்காரவைத்து, சைக்கிள் பம்பால் காற்றடித்தேன். அந்த மாதிரி உருண்டையாக ஒரு டயர் உட்கார்ந்து நான் பார்த்ததில்லை. மேனேஜர் ஐயா வராந்தாவில் நின்று காப்பி குடித்தபடி பார்த்துக்கொண்டிருந்தார். சக்கரத்தை மாட்டி நட்டுகளைக் கை முறுக்காக முறுக்கினேன். ஜாக்கியை இறக்கிவிட்டு ஸ்பானர் போட்டு இறுக்கினால் வேலை முடிந்தது.

ஆனால் புது டயர். தரையை முதன்முதலில் தொடும்போது எலுமிச்சம்பழத்தின்மேல் தொடவேண்டும் இல்லையா? லாரி என்றால் முன்னால் பழத்தை வைத்து ஒரு உருட்டு உருட்டினால் போதும். இது அந்தரத்தில் நிற்கிற சக்கரம், இறங்கும்போதே பழத்தில் இறங்கட்டும் என்று எனக்குத் தோன்றிற்று. சூடம் பொருத்தினேன். சூடத்துக்கு முன்னால் செருப்போடு நிற்கலாமா? கழற்றி ஓரமாக விட்டேன். மேனேஜர் ஐயா கூட வராந்தாவில் இருந்தபடியே செருப்பிலிருந்து காலை எடுத்தார், நான் பார்த்தேன். சேவியர் வேதக்காரன், அவனும் கையைக் கட்டிக்கொண்டு நின்றான். "மாமா, சீக்கிரம் இறக்கும், ஜாக்கி சாயுத மாரி இருக்கு" என்றான். "சாமி காரியத்துல வாயை வைக்காதலே" என்று சொல்லிக் குந்தவைத்து, வலது காலைத் தகர மூடிக்கு அடியில் நீட்டி ஊன்றி, பழத்தைச் சக்கரத்துக்குக் கீழே வைத்தேன்.

ஜாக்கி சாயவில்லை. நேராகக் கீழே போயிற்று. கிணற்றில் வாளி இறங்குகிற மாதிரி, சத்தமே இல்லாமல். பழம் நசுங்கியது. தகர மூடி இறங்கியது, அதற்குள்ளிருந்த கத்தியின் நுனி என் புறங்காலில் இறங்கியது. சேவியர் பின்பக்கத்தைத் தோள் கொடுத்துத் தூக்கினான், நான் காலை உருவினேன். செருப்புப் போட்டிருந்தால் வார் வெட்டுப்பட்டிருக்கும், கால் தப்பியிருக்கும். பலகை போட்டிருந்தால் செருப்பே வேண்டியிருக்காது.

அவ்வளவுதான். அதிலும் ஒன்றுமில்லை மகனே. மேனேஜர் ஐயா இறங்கி ஓடிவந்து, கம்பவுண்டரிடம் கூட்டிப்போ என்று சேவியரிடம் சொன்னார். கம்பவுண்டர் அன்றைக்கே ஊசியை எடுத்துவிட்டார். "குதிரை ரத்தத்துல எடுத்த மருந்து மாமா, ஒண்ணு போட்டுக்கிடும், ஜன்னி வராது" என்றார்.

"குதிரையா? போட்டா நான் கனைக்க மாட்டேனா?"

"கனைச்சா மாமிக்குச் சமாளிக்கத் தெரியும். காட்டும் கையை."

எல்லோரும் சிரித்தார்கள். அந்தச் சிரிப்பிலேயே நான் நொண்டிக்கொண்டு நழுவி வந்துவிட்டேன். வீட்டுக்கு வந்து கொல்லையில் கரிசல் மண்ணை எடுத்துத் தண்ணீர் விட்டுக் குழைத்து வெட்டில் அப்பினேன். சின்ன வயதிலிருந்து அரிவாள் பட்டாலும் முள் குத்தினாலும் அதுதானே நமக்கு மருந்து. பருத்தியையும் கம்பையும் கொடுக்கிற மண் ஒரு புண்ணை ஆற்றாதா என்று எனக்கு ஒரு வீம்பு. ரத்தம் நின்றது. வெட்டும் மூடிக்கொண்டது. மேலே காய்ந்து கெட்டியாய் அழகாக மூடிக்கொண்டது. உள்ளே என்ன நடந்தது என்று இன்றைக்குக் காலையில் வெற்றிலை போடும்போதுதான் தெரிந்தது.

கம்பவுண்டர் சொல்கிறார், மாட்டுச் சாணமும் குதிரைச் சாணமும் விழுந்த மண்ணில்தான் இந்த விஷம் இருக்குமாம். காற்றுப்படாமல் மூடிவைத்தால் அதற்குக் கொண்டாட்டமாம். அப்படியானால் அதற்கு நானே பந்தல் போட்டுக் கொடுத்திருக்கிறேன். இப்போது மில் சங்கு ஊதினால் என் முதுகு தானாக வில் மாதிரி வளைகிறது. உன் அம்மை ஜன்னலைச் சாத்திவிட்டாள். தெருவில் ஒரு தகர டப்பாவை எவனோ உதைத்தான், எனக்குக் கழுத்து இழுத்துக்கொண்டது. இடையிடையே எழுத்து கோணியிருந்தால் அதற்காகத்தான். வலி என்று பெரிதாகச் சொல்லமாட்டேன். சொல்லவும் வாய் ஒத்துழைக்கவில்லை.

நான் எதற்காக இவ்வளவு விஸ்தாரமாக எழுதினேன் என்று உனக்கு விளங்கியிருக்கும். எனக்கு நல்லபடியாகிவிட்டால் சரி. இல்லாவிட்டால், ஒரு வருஷம் தள்ளிப்போடு என்று உன் பெரியப்பா சொல்வார். சாவு விழுந்த வீட்டில் உடனே எப்படி என்பார். தள்ளிப்போடுகிற ஒரு வருஷத்தில்தான் கதை வளரும். பூனை வரும், ஜாதகம் வரும், அவள் கால் வைத்த நேரம் வரும். வருஷம் முடியும்போது கயத்தாற்றுக்காரர் கடையில் சாமான் வாங்க வருகிறவர்களே அவர் மகளை ஒரு மாதிரிப் பார்ப்பார்கள். நாள் தள்ளாதே. மேளம் வேண்டாம், பந்தல் வேண்டாம். குறித்த முகூர்த்தத்தில் கோயிலில் வைத்துத் தாலியைக் கட்டு. கட்டி, இந்த வீட்டுக்குள் அவள் முதலில் காலை வைக்கும்போது ஆரத்தி எடுக்க உன் பெரியம்மையைக் கூப்பிடு. அவள் வரமாட்டேன் என்று பின்வாங்குவாள். நீயே கையைப் பிடித்துக் கூட்டிவந்து தட்டைக் கொடு.

பெண்டாட்டி விஷயத்தில் வேறு புத்தி சொல்ல எனக்குத் தகுதி இல்லை. ஒன்று மட்டும். பக்கத்தில் நிற்பவர் பலகை போடுவோமா என்று கேட்டால், போடு. தேவை இல்லாவிட்டாலும் போடு. பலகையால் யாருக்கும் மரியாதை குறைந்ததில்லை.

இதுவரை எழுதியதை உன் அம்மைக்கு இப்போது வாசித்துக் காட்டினேன். பல்லைக் கடித்துக்கொண்டு வாசித்ததில் பாதி அவளுக்குக் கேட்கவில்லை. கிட்டத்தில் வந்து காதை என் வாயோரம் வைத்துக்கொண்டாள். முழுசும் கேட்டுவிட்டுத் தலையை நிமிர்த்தினாள். பிறகு, "பலகை போட்டிருந்தா ஒண்ணும் ஆயிருக்காதா?" என்று கேட்டாள்.

"ஆயிருக்காது."

"அவனும் சொன்னானா, பலகை போடச் சொல்லி?"

"சொன்னான்."

"உங்களுக்குன்னு ஒரு வீம்பு. அந்தப் பிள்ளையைப் போய்ச் சொன்னேனே" என்று தலையில் அடித்துக்கொண்டாள். அந்தச் சத்தத்துக்கே எனக்கு முதுகு இழுத்தது. உடனே கையை எடுத்துத் தன் வாயில் வைத்துப் பொத்திக்கொண்டாள். இப்போது என்னைத் திட்டிக்கொண்டே துணிமணி எடுத்து வைக்கிறாள், மெதுவாக, பெட்டி மூடுகிற சத்தம்கூடக் கேட்காமல். திட்டட்டும். என்னைத் திட்டுகிற வரைக்கும் அவள் வேறு யாரையும் திட்டமாட்டாள்.

கார் வந்துவிட்டது. சேவியர் ஹாரன் அடிக்காமல் வந்து, செருப்பைக் கழற்றிவிட்டு, ஓசையில்லாமல் வாசலில் நிற்கிறான். நான் பிழைத்து வந்தால் இந்தக் கதையை நானே பஸ் ஸ்டாண்டில் சொல்லிக்கொள்வேன். அப்போது ஜாக்கி பாதாளம் வரை போகும், கத்தி ஆளுயரம் இருக்கும், வண்டியை ஒற்றைக் கையால் தூக்கியவன் நானாக இருப்பேன். வராவிட்டால் மற்றவர்கள் சொல்வார்கள். வேண்டியதையெல்லாம் சேர்த்துக்கொள்ளட்டும், மறுக்காதே. அந்தப் பிள்ளையை மட்டும் சேர்க்க விடாதே.

உன் அப்பா